8 எம்.பி கார்டுக்குள் ஒரு பெரியப்பா

பொங்கல் லீவுக்கு ஆம்பூர் போயிருந்தேன். போகிக்கு முதல் நாள், கழிக்க வேண்டியது என்னென்ன இருக்கிறது என்று பெரியம்மா வீட்டுப் பரணைக் காலி செய்துகொண்டிருந்தோம். ஈயம் போன பித்தளை அண்டா, உடைந்த மிக்ஸி ஜார், தோல் ஷாப்புக்குப் பெரியப்பா போட்டுக்கொண்டு போன கம்பூட்ஸ். அதற்கும் பின்னால், ஜவுளிக்கடை மஞ்சள் பையில் சுற்றி ஒரு கறுப்புப் பெட்டி. பிளேஸ்டேஷன் 2.

"இதையும் எரிச்சுடலாமா?" என்று அண்ணனைச் சீண்டினேன். அவன் பதிலே சொல்லவில்லை. பையைப் பிரித்து, பெட்டியின் முன்பக்கம் செருகியிருந்த தீப்பெட்டி அளவு மெமரி கார்டை மட்டும் பிடுங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான்.

"பெட்டி போனா போகட்டும். இதுக்குள்ள அப்பா இருக்காரு."

விஷயம் இதுதான். 2003-ல் வந்த 'ஸ்மாக்டவுன் ஹியர் கம்ஸ் தி பெயின்' என்ற மல்யுத்த கேமை அந்தக் காலத்துப் பையன்கள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் மணிக்கு 15 ரூபாய் கொடுத்து ஆடும் கடைகளில் அதுதான் எப்போதும் ஓடும். அண்டர்டேக்கர், பிராக் லெஸ்னர் எல்லாரும் இருப்பார்கள். அது போக, நாமே ஒரு வீரரை உருவாக்கலாம். முகம், மூக்கு, மீசை, உடை, அடிக்கும் அடி எல்லாம் நம் இஷ்டம். அண்ணன் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க உட்கார்ந்து பெரியப்பாவைச் செய்தான். பெரியப்பா கட்டிலில் சாய்ந்துகொண்டு, "மூக்கு இன்னும் கொஞ்சம் பெருசா வைடா" என்று மேற்பார்வை பார்த்தார். லுங்கி கிடைக்கவில்லை. கறுப்பு பேன்ட், வெள்ளை பனியனில் சமாதானம் ஆனார்கள். அன்றிலிருந்து ஷிப்ட் முடிந்து வந்ததும் அவர் கேட்கிற முதல் கேள்வி, "இன்னிக்கு அண்டர்டேக்கர நான் அடிச்சேனா?"

2021-ல் பெரியப்பா காலமானார். போட்டோக்கள் இருக்கின்றன. எல்லாம் கல்யாண வீட்டு போட்டோக்கள், விறைப்பாக நிற்பார். அவர் சிரித்துச் சிரித்துத் திருத்தம் சொல்லிச் செய்த உருவம் அந்த 8 எம்.பி கார்டில் மட்டும்தான் இருக்கிறது. உங்கள் போனில் எடுக்கும் இரண்டு மூன்று போட்டோக்களே 8 எம்.பி-யைத் தாண்டிவிடும்.

பெட்டியை டி.வி-யில் மாட்டினோம். ஆச்சர்யம், உயிர் வந்தது. நீலத்தில் தூண் தூணாக எழும்பும் அந்த ஆரம்பக் காட்சி ஞாபகம் இருக்கிறதா? அது வெறும் அலங்காரம் இல்லை. கார்டில் பதிந்திருக்கும் விளையாட்டு வரலாற்றை வைத்துத்தான் அந்தத் தூண்கள் முளைக்கும். அடிக்கடி ஆடிய கேமுக்குத் தூண் உயரம். எங்கள் திரையில் ஒரு தூண் மட்டும் தென்னை மாதிரி நின்றது. எந்த கேம் என்று சொல்லத் தேவையில்லை.

டிஸ்க்கைப் போட்டால் கரகரவென்று சுற்றி நின்றுவிட்டது. லென்ஸ் போய்விட்டது. பிளேஸ்டேஷன் 2-க்கு வயதானால் வருகிற முதல் வியாதி இது.

சரி, கார்டில் இருப்பதை மட்டும் ஒரு பென்டிரைவில் எடுத்து வைத்துக்கொள்ளலாம் என்றால் அங்கேதான் சிக்கல். பெட்டிக்குள் சோனி வைத்திருக்கும் மெனுவில் கார்டைத் திறந்தால், சேமித்த ஒவ்வொன்றும் குட்டி பொம்மையாகச் சுற்றும். அதை அழிக்கலாம். இன்னொரு பிளேஸ்டேஷன் 2 கார்டுக்கு காபி செய்யலாம். அவ்வளவுதான். முன்பக்கம் இரண்டு யு.எஸ்.பி துவாரங்கள் இருக்கின்றன. ஆனால் அந்த மெனு அவற்றை ஏறெடுத்தும் பார்க்காது. நம் சேமிப்பு, நம் கார்டு, நம் பெட்டி. ஆனால் வெளியே எடுத்துப்போக வழி கிடையாது.

இந்த வாரம் நான் பேச வந்தது அந்த வழியைப் பற்றித்தான். அதன் பெயர் யூலாஞ்ச்எல்ஃப். இது ஒரு ஃபைல் மேனேஜர். போனில் 'மை ஃபைல்ஸ்' என்று ஒரு ஆப் இருக்கிறதே, அதே வேலையைப் பழைய கேம் பெட்டியில் செய்வது. சோனி செய்ததில்லை. 'ஹோம்ப்ரூ' என்பார்கள், வீட்டில் போட்ட ஊறுகாய் மாதிரி, ஆர்வலர்கள் தாங்களாகவே எழுதிச் சும்மா கொடுத்தது. ஜப்பானிய ஆர்வலர் ஒருவர் எழுதிய 'லாஞ்ச்எல்ஃப்'தான் மூலம். அதை எடுத்து மற்றவர்கள் வளர்த்ததால் முன்னால் ஒரு 'யூ' ஒட்டிக்கொண்டது. எல்ஃப் என்பது அந்தப் பெட்டி புரிந்துகொள்ளும் புரோகிராம் ஃபைலின் வகை.

கம்பெனி அனுமதிக்காத புரோகிராமைப் பெட்டி எப்படி ஏற்றுக்கொள்கிறது? இதுதான் சுவாரஸ்யம். தேவைப்பட்டால் மெமரி கார்டு வழியாக சிஸ்டத்துக்கு அப்டேட் கொடுக்கலாம் என்று சோனி ஒரு வாசல் வைத்திருந்தது. ஆன் செய்ததும் பெட்டி, "கார்டில் அப்டேட் ஏதாவது இருக்கிறதா?" என்று எட்டிப் பார்க்கும். அந்த அப்டேட் வேஷத்தில் உள்ளே நுழைவதுதான் 2008-ல் வெளியான 'ஃப்ரீ எம்.சி பூட்'. பெட்டியைத் திறக்க வேண்டாம், சால்டரிங் வேண்டாம். கார்டைச் செருகி ஆன் செய்தால் மெனுவில் புதிதாகச் சில வரிகள் தெரியும். அதில் ஒன்று யூலாஞ்ச்எல்ஃப்.

ஆனால் அந்தக் கார்டைத் தயாரிப்பது தயிர் உறை ஊற்றுகிற கதை. தயிர் வேண்டுமென்றால் முதலில் பக்கத்து வீட்டில் ஒரு ஸ்பூன் தயிர் வாங்க வேண்டும். ஏற்கெனவே இந்த வித்தை ஓடுகிற ஒரு பெட்டியில் வைத்துத்தான் புதுக் கார்டில் பதிய முடியும். அதுவும் அந்தந்தக் கார்டுக்கென்று பூட்டுப்போட்டுப் பதிவதால், ஃபைலை மட்டும் காபி அடித்து இன்னொரு கார்டில் போட்டால் உறையாது. 2020-ல் டி.வி.டி பிளேயர் வழியாக நுழையும் வேறொரு முறையும் வந்தது. அதற்கு டி.வி.டி எழுதி உள்ளே போட வேண்டும். லென்ஸ் செத்த பெட்டிக்கு அதனால் என்ன பயன்!

எங்களுக்கு உறை கொடுத்தவர் வேலூரில் பழைய கேம் பெட்டிகள் ரிப்பேர் செய்யும் ஒரு பாய். ஆம்பூரில் மூன்று மொபைல் கடைகளில் கேட்டு, மூன்றிலும் சிரிப்பை வாங்கிக்கொண்ட பிறகு கிடைத்த முகவரி. பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம் மடியிலேயே வைத்துக்கொண்டு போனோம்.

கார்டை வாங்கியதும் அதன் காலைப் பார்த்தார், முகர்ந்துகூடப் பார்த்தார். "ஆம்பூரா, வாணியம்பாடியாமா?"

எப்படித் தெரிந்தது என்று கேட்டேன். "காலு கறுத்துக் கீது பாரு. தோல் ஷாப் பக்கத்து வூடுங்கள்ல இருந்து வர்ற பெட்டி எல்லாம் இப்படித்தான் வரும்."

கேலி என்றுதான் முதலில் நினைத்தேன். யோசித்தால் அதில் ரசாயனம் இருக்கிறது. தோலில் இருந்து முடியை நீக்கச் சுண்ணாம்போடு சோடியம் சல்ஃபைடு சேர்ப்பார்கள். அந்தக் கழிவில் அமிலம் பட்டால் ஹைட்ரஜன் சல்ஃபைடு கிளம்பும். எங்கள் ஊர்க்காரர்களுக்குப் பழகிப்போன அந்த அழுகிய முட்டை வாசனை. வெள்ளியையும் செம்பையும் அது கறுக்க வைக்கும். "இந்த ஊர்ல கொலுசு ஒரு மாசம் வெள்ளையா இருக்காது" என்று பெரியம்மா புலம்புவது வேறென்ன? பாய் ஐசோபுரொபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்துத் துடைத்து, நான்காவது முறை செருகியபோதுதான் பெட்டி அந்தக் கார்டை ஒப்புக்கொண்டது.

இன்னும் சில வருடம் பரணிலேயே இருந்திருந்தால்? கறுத்த காலைத் துடைத்துவிடலாம். கார்டுக்குள் இருக்கும் ஃப்ளாஷ் மெமரி, தகவலை நுண்ணிய மின்னூட்டமாகப் பிடித்து வைத்திருக்கிறது. மின்சாரம் இல்லாமல் வருடக்கணக்கில் கிடந்தால் அது மெல்லக் கசியும். கசிந்தால் போனதுதான். உங்கள் வீட்டிலும் ஒரு மஞ்சள் பை இருந்தால், இந்தப் பத்தியை மட்டுமாவது வீட்டில் யாருக்காவது படித்துக் காட்டுங்கள்.

யூலாஞ்ச்எல்ஃப் திறந்ததும் பார்க்க ஒன்றுமில்லை. கட்டம் கட்டிய ஒரு திரை, அதில் எழுத்துகள். எம்.சி 0, எம்.சி 1 என்றால் இரண்டு மெமரி கார்டு துவாரங்கள். 'மாஸ்' என்றால் ரஜினி என்ட்ரி இல்லை, பென்டிரைவ். முதல் துவாரத்தில் பாயின் கார்டு, இரண்டாவதில் எங்களுடையது. உள்ளே போனால் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு ஃபோல்டர். அதைத் தேர்ந்தெடுத்து ஆர் 1 பட்டனைத் தட்டினால் மெனு விழும். அதில் 'காபி'. பிறகு மாஸுக்குப் போய் மறுபடி ஆர் 1, அதில் 'பி.எஸ்.யு பேஸ்ட்'. சாதாரண 'பேஸ்ட்' கொடுத்தாலும் ஃபைல்கள் வரும். ஆனால் சேமித்த தேதி, ஃபைலின் குணாதிசயங்கள் எல்லாவற்றையும் மூட்டையாகக் கட்டி ஒரே ஃபைலாக ஆக்குவது பி.எஸ்.யு-தான். திரும்பக் கார்டில் இறக்கும்போது மூட்டை அப்படியே பிரியும்.

கொஞ்சம் நிதானமாகச் செய்யுங்கள். காபி இருக்கும் அதே மெனுவில்தான் 'டெலீட்'டும் இருக்கிறது. ரீசைக்கிள் பின் எல்லாம் கிடையாது. ஜப்பானிய வழக்கப்படி பல பதிப்புகளில் வட்டம்தான் 'சரி', பெருக்கல் குறி 'ரத்து'. நம் கை பழக்கத்துக்கு நேர் தலைகீழ். அண்ணன் ரிமோட்டைக்கூட வேகமாக அமுக்குகிறவன் என்பதால் கன்ட்ரோலரை அவன் கையில் கொடுக்கவே இல்லை. பென்டிரைவ் எஃப்.ஏ.டி 32 முறையில் ஃபார்மட் ஆகியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் பழைய பதிப்புகளின் கண்ணுக்கே தெரியாது. யு.எஸ்.பி 1.1 காலத்துப் பெட்டி என்பதால் ஆமை வேகம். மொத்தமே 8 எம்.பி என்பதால் அது ஒரு குறையாகத் தெரியவில்லை. இன்னொன்று, பெட்டியின் அடியில் எஸ்.சி.பி.ஹெச் என்று தொடங்கும் மாடல் எண்ணைப் பாருங்கள். 90000 வரிசையில் கடைசியாக வந்த பெட்டிகளில் சோனி அந்த அப்டேட் வாசலை அடைத்துவிட்டது. அவற்றுக்கு வேறு கார்டு முறைகள் உண்டு.

மற்ற பெட்டிகளில் இந்தப் பாடு அவ்வளவு இல்லை. கையடக்க பி.எஸ்.பி-யை ஒயர் போட்டு கம்ப்யூட்டரில் மாட்டினாலே சேமிப்பு ஃபோல்டர் தெரியும். பிளேஸ்டேஷன் 3-ல் பல கேம்களின் சேமிப்பை பென்டிரைவுக்கு எடுக்க சோனியே வழி செய்தது. நின்டென்டோ 3டிஎஸ் வைத்திருப்பவர்கள் 'காட்மோட் 9', வீட்டா வைத்திருப்பவர்கள் 'வீட்டாஷெல்' என்று தேடுங்கள், அவையும் இதே ஜாதி.

இந்த ஆர்வலர்கள் வேலையை ஏதோ மூலையில் நடக்கும் குறும்பு என்று நினைக்க வேண்டாம். ஆண்ட்ராய்டு டி.வி-யில் படம் பார்க்க 'கோடி' என்று ஒரு ஆப் பலரும் பயன்படுத்துகிறோமே, அது பிறந்தது மைக்ரோசாஃப்ட்டின் முதல் எக்ஸ்பாக்ஸில். மாற்றம் செய்த பெட்டிகளில் வீடியோ பார்க்க ஆர்வலர்கள் எழுதிய புரோகிராம்தான் 2014-ல் அந்தப் பெயருக்கு மாறியது. அந்தப் பெட்டியைத் தூக்கிப்போட்டு எத்தனையோ வருடமாகிவிட்டது, மகன் மட்டும் உலகம் சுற்றிக்கொண்டிருக்கிறான்.

இப்போது சங்கடமான பகுதி. எங்கள் டிஸ்க் ஒரிஜினல் இல்லை. 50 ரூபாய் டிஸ்க். அப்போது ஊரில் யாரிடமும் ஒரிஜினல் இல்லை என்பது உண்மை. அது நியாயம் ஆகிவிடாது என்பதும் உண்மை. இதே ஃபைல் மேனேஜரை வைத்து ஹார்டு டிஸ்க் நிறையத் திருட்டு கேம்களை ஏற்றி விற்பவர்கள் இருக்கிறார்கள். இந்தியக் காப்புரிமைச் சட்டம் 1957-ன் 63-வது பிரிவின்படி அது ஆறு மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை. உரிமையை மீறும் நோக்கத்தோடு டிஜிட்டல் பூட்டை உடைப்பதை 2012-ல் சேர்த்த 65ஏ பிரிவு தண்டிக்கிறது. இரண்டு வருடம் வரை. அதேநேரம், முறையாக வைத்திருக்கும் புரோகிராமுக்கு, தொலைந்தாலோ பழுதானாலோ உதவும் பேக்-அப் எடுத்துக்கொள்ள 52-வது பிரிவு இடம் தருகிறது. நான் வக்கீல் இல்லை. ஆனால் அண்ணன் செய்த மீசையை அண்ணன் எடுத்துக்கொள்வதற்கும், அடுத்தவர் கேமை 500 ரூபாய்க்குக் கூவி விற்பதற்கும் வித்தியாசம் தெரிய வக்கீல் வேண்டியதில்லை. கத்தி ஒன்றுதான், தோலும் வெட்டும், ஜேப்படியும் செய்யும்.

யோசிக்க இன்னொன்றும் இருக்கிறது. உலகம் முழுக்க 15 கோடிக்கும் மேல் விற்ற பெட்டி இது. 2013 ஜனவரியோடு தயாரிப்பு முடிந்தது. நம் நாட்டுக்காரர்கள் இதற்கென்றே கேம் செய்திருக்கிறார்கள். 2009-ல் ஹைதராபாத்தில் உருவான 'ஹனுமான் பாய் வாரியர்', கபடியும் பட்டமும் இருந்த 'தேசி அட்டா' என்று. அவற்றை ஆடி, ஜெயித்து, சேமித்து வைத்த பிள்ளைகள் இன்று வேலைக்குப் போகிறார்கள். அந்தச் சேமிப்புகளைக் காப்பாற்ற எந்த மியூசியமும் வரப்போவதில்லை. இந்த மாதிரி ஒரு பாயும், யாரோ சும்மா எழுதிக் கொடுத்த ஒரு ஃபைல் மேனேஜரும்தான்.

கதைக்கு வருகிறேன். மூட்டை பென்டிரைவில் ஏறிவிட்டது. அதைத் தன் கடைப் பெட்டியின் கார்டில் இறக்கி, பாய் தன்னிடம் இருந்த ஒரிஜினல் டிஸ்க்கைப் போட்டார். "சேமித்த தகவல் எதுவும் இல்லை" என்று ஆங்கிலத்தில் வந்தது. அண்ணன் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

பாய் பதறவில்லை. மறுபடி யூலாஞ்ச்எல்ஃப் திறந்து ஃபோல்டர் பெயரைக் காட்டினார். 'பி.ஏ' என்று தொடங்கியது. "இது அமெரிக்கா. என் டிஸ்க்கு ஐரோப்பா, அது 'பி.ஈ'னு தேடும். ஒரே கேம்தான், ஆனா ரெண்டும் ஒண்ண ஒண்ணு கண்டுக்காது." எங்களுடைய 50 ரூபாய் டிஸ்க் அமெரிக்கப் பதிப்பின் நகலாம். பெயரை மட்டும் மாற்றிவிடலாமே என்று கேட்டேன். "மாத்தலாம்மா. உள்ள இருக்கறது ஒத்துப்போவாது, பெரும்பாலும் கெட்டுடும்" என்றார். நல்லவேளையாக மூட்டை பத்திரமாக இருந்தது. இனி எத்தனை முறை தோற்றாலும் பரவாயில்லை, கார்டு போனாலும் பரவாயில்லை என்று அப்போதுதான் நிம்மதி வந்தது. பென்டிரைவிலிருந்து என் லேப்டாப்புக்கு ஒன்று, அண்ணன் மெயிலுக்கு ஒன்று என்று அங்கேயே உட்கார்ந்து பிரதி எடுத்தோம்.

இரண்டு வாரம் கழித்து போன். அமெரிக்காவிலிருந்து யாரோ உறவினர் ஒருகாலத்தில் கொண்டுவந்த டிஸ்க், பழைய வாடிக்கையாளர் ஒருவர் வீட்டில் இருந்ததாம், வாங்கி வைத்திருக்கிறேன், வாருங்கள் என்றார். இந்த முறை பெரியம்மாவும் கிளம்பிவிட்டார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, கடையில் இருந்த ஒரே ஸ்டூலில் உட்கார்ந்தார்.

விளக்குகள் அணைந்து, கூட்டம் இரைய, மேடை வாசலில் புகை எழும்பியது. வெள்ளை பனியன், கறுப்பு பேன்ட். கையைத் தூக்கியபடி நடந்து வந்தார். அண்ணன் கன்ட்ரோலரைப் பிடித்திருந்தானே தவிர எதையும் அழுத்தவில்லை. அண்டர்டேக்கர் வந்து இரண்டு போட்டார், பெரியப்பா வாங்கிக்கொண்டு நின்றார்.

பெரியம்மா திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். ரொம்ப நேரம் கழித்து, "இவ்ளோ பெரிய மீசை அவருக்கு எங்கடா இருந்துச்சு?" என்றார்.

"அவருதான்மா வெக்கச் சொன்னாரு" என்றான் அண்ணன்.

"அதான பாத்தேன். சரி, அடி வாங்குறாரு பாரு, ஏதாச்சும் அமுக்குடா."